கேமை நீக்க ஐந்து நிமிடம், திரும்ப இறக்க ஒரு மாத டேட்டா: கணினியில் இடம் பிடிக்க முழுமையான வழிகாட்டி

பெட்டியில் 512 ஜிபி என்று போட்டிருக்கும். விண்டோஸில் திறந்து பார்த்தால் 476தான் இருக்கும். கடைக்காரர் ஏமாற்றவில்லை, தயாரிப்பவர்கள் ஆயிரத்தால் கணக்குப் பார்க்கிறார்கள், விண்டோஸ் 1024ஆல் பார்க்கிறது, அவ்வளவுதான். அந்த 476இல் விண்டோஸ், ஒஃபிஸ், கல்யாண வீட்டுப் படங்கள் எல்லாம் போக மிஞ்சுவதில்தான் கேம். ரெட் டெட் ரிடெம்ப்ஷன் 2க்கு 150 ஜிபி வேண்டும். பால்டர்ஸ் கேட் 3க்கும் அதே 150. கவுண்டர் ஸ்ட்ரைக் 2க்கு 85 ஜிபி ஒதுக்கச் சொல்கிறது, கேம்களை இணையத்தில் விற்று இறக்கித் தரும் ஸ்டீம். மூன்றையும் போட்டால் சி ட்ரைவ் சிவப்பாகாமல் என்ன செய்யும்?

வெளிநாட்டு வழிகாட்டிகள் இதற்கு ஒரே வரியில் பதில் சொல்லிவிடும்: ஆடாததை நீக்குங்கள், வேண்டுமென்றால் பிறகு இறக்கிக்கொள்ளுங்கள். கொழும்பில் அந்தப் ‘பிறகு’க்குத்தான் காசு. 20 எம்பிபிஎஸ் இணைப்பில் 150 ஜிபி இறங்க, ஒரு நொடியும் தடைப்படாமல் ஓடினாலும், கிட்டத்தட்ட 17 மணித்தியாலம் ஆகும். பகல் டேட்டா இவ்வளவு, இரவு டேட்டா இவ்வளவு என்று பிரித்துத் தரும் பக்கேஜ் என்றால் ஒரு கேமிலேயே மாதக் கணக்கு முடிந்துவிடும். மிச்ச நாளெல்லாம் வீட்டில் அம்மா யூடியூப் பார்க்க முடியாமல் உங்களைத்தான் திட்டுவார். ஆகவே எதை நீக்குவது என்பதை அதன் பருமனை மட்டும் வைத்து முடிவு செய்யாதீர்கள். அதைத் திரும்ப எடுக்க என்ன செலவாகும் என்பதையும் சேர்த்துப் பாருங்கள். கீழே சொல்வதெல்லாம் இந்தக் கணக்கை வைத்துத்தான்.

எது தின்கிறது என்று பாருங்கள்

விண்டோஸ் 11இல் செட்டிங்ஸ், சிஸ்டம், ஸ்டோரேஜ் என்று போனால் சி ட்ரைவில் எது எவ்வளவு இடம் பிடித்திருக்கிறது என்று பட்டை பட்டையாகக் காட்டும். அதன் பிறகு செட்டிங்ஸில் அப்ஸ், இன்ஸ்டோல்ட் அப்ஸ் பக்கத்துக்குப் போய், சோர்ட் பை என்பதில் சைஸ் என்று மாற்றுங்கள். விண்டோஸ் 10இல் அதே பக்கத்துக்குப் பெயர் அப்ஸ் அண்ட் ஃபீச்சர்ஸ்.

இந்தப் பட்டியலை முழுக்க நம்ப வேண்டாம். சில கேம்களுக்கு அளவே காட்டாது, சிலவற்றுக்குப் பொருத்தமில்லாத அளவைக் காட்டும். விஸ்ட்ரீ என்ற இலவச மென்பொருளைப் போட்டுப் பாருங்கள். என்டிஎஃப்எஸ் (விண்டோஸ் வழக்கமாகப் பயன்படுத்தும் ஃபோர்மெட் முறை) ட்ரைவின் பைல் அட்டவணையை நேரடியாக வாசிப்பதால் சில நொடிகளில் முழு டிஸ்க்கையும் அளந்து, பெரிய போல்டர்களை மேலே வரிசைப்படுத்தித் தரும். வின்டிர்ஸ்டாட்டும் இதே வேலையைச் செய்யும்.

பார்த்தால் பலருக்கு ஆச்சரியமாக இருக்கும். கேமை விட, கேமைச் சுற்றிச் சேர்ந்தவைதான் சில கணினிகளில் அதிகம். வீடியோஸ் போல்டருக்குள் கேப்சர்ஸ் என்று ஒன்று இருக்கும். விண்டோஸ் கேம் பாரில் பதிவு செய்த விளையாட்டுக் காணொளிகள் எல்லாம் அதற்குள்தான். டவுன்லோட்ஸில் எப்போதோ இன்ஸ்டால் செய்து முடித்த செட்டப் பைல்களும் ஐஎஸ்ஓ பைல்களும் அப்படியே கிடக்கும். இவற்றை முதலில் பார்த்து அழியுங்கள். ஒரு கேமையும் தொடாமலே பாதி இடம் வந்துவிடலாம்.

கொட்டாஞ்சேனையில் அக்காவின் மகன் ஒருநாள் போன் எடுத்தான். “மாமா, எல்லா கேமையும் டிலீட் பண்ணிட்டன். ஆனா இடம் வரவே இல்ல.” என்ன செய்தாய் என்று கேட்டால், டெஸ்க்டொப்பில் இருந்த ஐகன்களை இழுத்து ரீசைக்கிள் பின்னில் போட்டிருக்கிறான். ஐகன் என்பது வெறும் வழிகாட்டிப் பலகை, ஒன்றின் அளவு சில கேபிதான். கேம் இருந்த இடத்திலேயே இருக்கிறது. திறக்கத்தான் வழி போய்விட்டது. பத்து வயதுப் பையன் என்று சிரிக்க வேண்டாம், இதைப் பெரியவர்களும் செய்கிறார்கள்.

எது போகலாம், எது இருக்கட்டும்

கதை முடித்த கேம் முதலில் போகட்டும். ‘இன்னொரு தடவை ஆடுவேன்’ என்று வைத்திருப்பவற்றில் பெரும்பாலானதை யாரும் ஆடுவதில்லை. 2 ஜிபி, 3 ஜிபி சின்னக் கேம்களைக் கிளறிக்கொண்டிருக்க வேண்டாம். பத்தை நீக்கினாலும் ஒரு பெரிய கேமின் கால்வாசி கூட வராது.

வலோரன்ட், கவுண்டர் ஸ்ட்ரைக் மாதிரி ஒன்லைன் கேம்களில் உங்கள் ரேங்கும் ஸ்கின்களும் கணக்கோடு சேர்ந்து நிறுவனத்தின் சர்வரில் இருக்கின்றன. கணினியிலிருந்து நீக்கினால் அவை போகாது. ஸ்டீமில் காசு கொடுத்து வாங்கியதும் அப்படித்தான், நீக்கிய பிறகும் லைப்ரரியில் பெயர் இருக்கும். ஆனால் ஒன்று, கேம் பாஸ் மாதிரி மாதச் சந்தா கட்டுகிறீர்கள் என்றால், கேமை நீக்கியதால் சந்தா நிற்காது. அட்டையிலிருந்து காசு போய்க்கொண்டேதான் இருக்கும். அதைத் தனியாக நிறுத்த வேண்டும்.

சில கேம்களை முழுதாக நீக்கவே தேவையில்லை. ஸ்டீமில் கேமின் மேல் ரைட் க்ளிக் செய்து ப்ரொப்பர்டீஸ், டிஎல்சி என்று போனால் வேண்டாத மேலதிகப் பகுதிகளின் சரி அடையாளத்தை எடுத்துவிடலாம். கோல் ஒஃப் டியூட்டி வரிசையில் கதைப் பகுதியை மட்டும் நீக்கிவிட்டு ஒன்லைன் பகுதியை வைத்துக்கொள்ள முடியும். 4கே திரைக்கான டெக்ஸ்ச்சர் பக் (படத்தைத் துல்லியமாக்கும் மேலதிகப் பைல்கள்) இருந்தால், உங்கள் திரை சாதாரண எச்டி என்னும்போது அது சும்மா இடம் பிடித்துக்கொண்டிருக்கிறது.

சேவ் பைலை எடுத்து வையுங்கள்

கேமை மறுபடி இறக்கலாம். நூறு மணித்தியாலம் ஆடிச் சேர்த்ததை எங்கிருந்தும் இறக்க முடியாது. ஆகவே இந்த வேலையைத் தாண்டிப் போகாதீர்கள்.

ஸ்டீம் லைப்ரரியில் கேமின் பக்கத்தைத் திறந்தால், ஸ்டீம் க்ளவுட் ஆதரவு உள்ள கேம்களுக்கு ஒரு மேக அடையாளம் இருக்கும். அது ‘அப் டு டேட்’ என்று சொன்னால் சேவ் பைல் ஸ்டீமின் சர்வரில் பத்திரமாக இருக்கிறது. எல்லாக் கேமுக்கும் இந்த வசதி இல்லை.

இல்லாதவற்றுக்கு நாமே தேட வேண்டும். பழைய ஜிடிஏ சான் அண்ட்ரியாஸ், வைஸ் சிட்டி இரண்டும் டொக்கியுமென்ட்ஸ் போல்டருக்குள் தங்கள் பெயரோடு ‘யூசர் ஃபைல்ஸ்’ என்று முடியும் போல்டர் வைத்திருக்கும். ஜிடிஏ 5 ரொக்ஸ்டார் கேம்ஸ் என்ற போல்டருக்குள் ப்ரொஃபைல்ஸ் என்று வைத்திருக்கும். இன்னும் பல கேம்கள் டொக்கியுமென்ட்ஸுக்குள் மை கேம்ஸ் என்ற போல்டரிலும், உங்கள் பெயருள்ள போல்டரில் சேவ்ட் கேம்ஸ் என்பதிலும் போட்டுவைக்கும்.

மற்றவை ஒளிந்திருக்கும் இடம் அப்டேட்டா. விண்டோஸ் விசையையும் ஆர் விசையையும் ஒன்றாக அழுத்துங்கள். வரும் சின்னப் பெட்டியில் அப்டேட்டா (appdata) என்று ஆங்கிலத்தில், இடைவெளி விடாமல், முன்னும் பின்னும் ஒவ்வொரு சதவீதக் குறி போட்டு எழுதி என்டர் அழுத்துங்கள். ரோமிங் என்ற போல்டர் திறக்கும். ஒரு படி மேலே போனால் லோக்கல், லோக்கல்லோ என்று இன்னும் இரண்டு தெரியும். மைன்கிராஃப்ட் ஜாவா பதிப்பில் நீங்கள் கட்டிய உலகங்கள் எல்லாம் இந்த ரோமிங்குக்குள், பெயருக்கு முன் புள்ளி வைத்த மைன்கிராஃப்ட் போல்டரில் சேவ்ஸ் என்பதற்குள் இருக்கின்றன. பிள்ளைகள் மாதக் கணக்கில் கட்டிய வீடும் கோட்டையும் அதற்குள்தான். அதை அழித்துவிட்டு வீட்டில் சமாதானம் எதிர்பார்க்காதீர்கள்.

இவற்றை ஒரு பென் ட்ரைவில் கொப்பி செய்தாலே போதும், பெரும்பாலும் சில எம்பிதான் வரும். டொக்கியுமென்ட்ஸ் போல்டர் ஒன்ட்ரைவோடு இணைந்திருந்தால் கவனம்: கணினியில் அழித்தால் ஒன்ட்ரைவிலும் அழிந்துபோகும்.

நீக்காமல் நகர்த்தலாமா?

திரும்ப ஆடுவீர்கள், ஆனால் இப்போது இல்லை. இப்படிப்பட்ட கேம்தான் நம் ஊரில் தலையிடி. இதற்கு எக்ஸ்டர்னல் ஹார்ட் டிஸ்க் நல்ல வழி. யூஎஸ்பி 3 போர்ட்டில், பெரும்பாலும் நீல நிறத்தில் இருக்கும் அதுதான், நொடிக்கு 100 எம்பி வேகத்தில் போனால் 150 ஜிபி 25 நிமிடத்தில் முடிந்துவிடும். 17 மணித்தியாலத்தோடு ஒப்பிட்டுப் பாருங்கள். பம்பலப்பிட்டி யுனிட்டி பிளாசாவில் ஏறி இறங்கினால் கடைக்குக் கடை விலை வித்தியாசம் தெரியும். முதல் கடையிலேயே வாங்கிவிட வேண்டாம், உத்தரவாதம் எத்தனை வருடம் என்பதையும் கேளுங்கள்.

பழைய பென் ட்ரைவ்களில் ஒரு சிக்கல் இருக்கிறது. ஃபாட்32 முறையில் ஃபோர்மெட் செய்திருந்தால் 4 ஜிபிக்கு மேற்பட்ட ஒரு பைலையும் அது ஏற்காது. கேம் பைல்கள் சர்வசாதாரணமாக அதைத் தாண்டும். ட்ரைவை என்டிஎஃப்எஸ் ஆக்கிக்கொள்ளுங்கள். ஃபோர்மெட் செய்தால் உள்ளே இருப்பது அழியும், முதலில் எடுத்து வையுங்கள்.

ஸ்டீமில் இது சுலபம். செட்டிங்ஸில் ஸ்டோரேஜ் பக்கத்தில் புது ட்ரைவைச் சேர்த்துவிட்டு, கேமைத் தெரிவு செய்து மூவ் கொடுத்தால் போதும். ஹார்ட் டிஸ்க்கிலிருந்தே ஆடவும் முடியும், திறக்க மட்டும் நேரம் எடுக்கும். அல்லது ஸ்டீம்அப்ஸ் போல்டருக்குள் கொமன் என்பதில் உள்ள கேம் போல்டரை நீங்களே கொப்பி செய்து வைக்கலாம். பிறகு அதே இடத்தில் திரும்ப வைத்து இன்ஸ்டால் அழுத்தினால், இருக்கும் பைல்களை ஸ்டீம் அடையாளம் கண்டு, குறைகிற அப்டேட்டை மட்டும் இறக்கும்.

ஸ்டீம் மாதிரி இன்னொரு கேம் கடையான எபிக்கில் கொஞ்சம் சுற்று வழி. கேம் போல்டரை வெளியே கொப்பி செய்துவிட்டு நீக்குங்கள். திரும்ப வேண்டும்போது இன்ஸ்டால் தொடங்கி, ஓரிரு சதவீதம் இறங்கியதும் நிறுத்தி, லோஞ்சரை, அதாவது கேமை இறக்கித் திறக்கும் எபிக் மென்பொருளை, முழுதாக மூடுங்கள். பழைய பைல்களை அந்தப் போல்டருக்குள் போட்டுவிட்டு மறுபடி திறந்து ரெஸ்யூம் கொடுத்தால், இருப்பதைச் சரிபார்த்துவிட்டு மிச்சத்தை மட்டும் எடுக்கும்.

கையால் நகர்த்தும்போது கட் வேண்டாம், கொப்பி செய்யுங்கள். முடிந்து சரிபார்த்த பிறகு பழையதை அழியுங்கள். யூபிஎஸ் இல்லாத டெஸ்க்டொப்பில் நடுவில் கரண்ட் போனால் இரண்டு பக்கமும் அரைகுறையாகிவிடும். 2025 பெப்ரவரி 9ஆம் திகதி பாணந்துறை உப மின்நிலையத்தில் ஒரு குரங்கு பாய்ந்து நாடு முழுக்கக் கரண்ட் போனதே, மறந்திருக்க மாட்டீர்கள். குரங்குக்கு உங்கள் கேம் எத்தனை சதவீதம் போயிருக்கிறது என்று தெரியாது.

பலருக்குத் தெரியாத இன்னொரு வழி. 2023இல் ஸ்டீம், ஒரே வைஃபை அல்லது ஒரே ரவுட்டரில் உள்ள கணினிகளுக்கிடையே கேமைக் கொப்பி செய்யும் வசதியைக் கொண்டுவந்தது. செட்டிங்ஸ், டவுன்லோட்ஸ் பக்கத்தில் கேம் ஃபைல் ட்ரான்ஸ்ஃபர் என்று இருக்கும். தம்பியின் கணினியில் அதே கேம் இருந்தால், அல்லது வெள்ளவத்தையில் இருக்கும் நண்பன் லெப்டொப்போடு வீட்டுக்கு வந்தால், இன்டர்நெட் டேட்டா பெரிதாகப் போகாமல் அவனிடமிருந்து எடுத்துக்கொள்ளலாம். பெரும்பகுதி வீட்டு ரவுட்டருக்குள்ளேயே நடந்து முடியும். உங்கள் கூட்டத்தில் ஒருவரிடமாவது ஒரு கேம் இருக்கிறது என்றால், நீங்கள் அதைத் தயங்காமல் நீக்கலாம்.

இனி நீக்குவோம்

பொது விதி ஒன்றுதான்: எந்த லோஞ்சர் வழியாக வந்ததோ அதன் வழியாகவே அனுப்புங்கள்.

ஸ்டீமில் லைப்ரரிக்குப் போய், கேமின் பெயரில் ரைட் க்ளிக், மேனேஜ், அன்இன்ஸ்டால். பல கேம்களை ஒரேயடியாக நீக்க ஸ்டோரேஜ் பக்கம் வசதி. அளவும் பக்கத்திலேயே தெரியும், வேண்டியவற்றில் சரி போட்டு நீக்கலாம். செய்யவே கூடாதது, இடம் வேண்டும் என்று ஸ்டீமையே அன்இன்ஸ்டால் செய்வது. அதன் போல்டருக்குள் இருக்கும் எல்லாக் கேமும் சேர்ந்து போய்விடும்.

எபிக்கில் லைப்ரரி, கேமின் பக்கத்தில் மூன்று புள்ளி, அன்இன்ஸ்டால். ஈஏ அப்பிலும் மூன்று புள்ளிதான். பேட்டில்நெட்டில் ப்ளே பட்டனுக்குப் பக்கத்துப் பற்சக்கரம்.

எக்ஸ்பொக்ஸ் அப்பிலோ மைக்ரோசொஃப்ட் ஸ்டோரிலோ எடுத்தவை சி ட்ரைவில் எக்ஸ்பொக்ஸ்கேம்ஸ் என்ற போல்டரில் அல்லது மறைந்திருக்கும் விண்டோஸ்அப்ஸ் போல்டரில் இருக்கும். விண்டோஸ்அப்ஸ் உள்ளே போக அனுமதி கேட்டு மல்லுக்கட்டாதீர்கள். அதன் உரிமையை மாற்றினால் ஸ்டோர் அப்கள் திறக்காமல் போகலாம். இன்ஸ்டோல்ட் அப்ஸ் பட்டியலில் இருந்தே நீக்குங்கள்.

வலோரன்ட்டில்தான் பலரும் பாதியில் விடுகிறார்கள். இன்ஸ்டோல்ட் அப்ஸில் வலோரன்ட்டை நீக்கினாலும், ரயட் வேன்கார்ட் என்ற ஏமாற்றுத் தடுப்பு மென்பொருள் தனியாக நிற்கும், கணினியோடு சேர்ந்து தினமும் எழும்பும். அதையும் பட்டியலில் தேடி நீக்குங்கள். லீக் ஒஃப் லெஜன்ட்ஸ் ஆடுகிறீர்கள் என்றால் விட்டுவிடுங்கள், 2024இலிருந்து அதற்கும் வேன்கார்ட் தேவை.

போனில் ஆடும் ஃப்ரீ ஃபயரை கணினியில் ஆட ப்ளூஸ்டாக்ஸ் போட்டவர்களுக்கு வேறு கதை. ப்ளூஸ்டாக்ஸுக்குள்ளே கேமை நீக்கினாலும் சி ட்ரைவில் இடம் கூடாது. உள்ளே உள்ள அன்ட்ரொய்ட் ஒரு பெரிய பைலாக இருக்கிறது. அது வளரும், தானாகச் சுருங்காது. மல்டி இன்ஸ்டன்ஸ் மேனேஜரில் டிஸ்க் க்ளீனப் ஓடவிட வேண்டும். இனித் தேவையில்லை என்றால் ப்ளூஸ்டாக்ஸையே நீக்கிவிட்டு, மறைந்திருக்கும் ப்ரோக்ராம்டேட்டா போல்டரில் அதன் பெயரில் ஏதாவது மிஞ்சியிருக்கிறதா என்று பாருங்கள்.

கடையில் ‘ஐம்பது கேம் போட்டுத் தருகிறோம்’ என்று ஹார்ட் டிஸ்க்கிலிருந்து அப்படியே கொப்பி செய்து தந்தவை? அவை எந்தப் பட்டியலிலும் இருக்காது. போல்டரைத் தேடித் திறந்து, ஆங்கிலத்தில் யூனின்ஸ் (unins) என்று தொடங்கும் பைல் இருந்தால் ஓட்டுங்கள். இல்லையென்றால் சேவ் பைலை எடுத்துவிட்டு போல்டரை அழியுங்கள். அதோடு வேலை முடியவில்லை. க்ராக் செய்த, அதாவது உரிமப் பூட்டை உடைத்த, கேம் ஓட வேண்டும் என்பதற்காக, பல தடவை விண்டோஸ் டிஃபென்டரில் ‘இந்தப் போல்டரைப் பார்க்காதே’ என்று விதிவிலக்குப் போட்டுவிடுவார்கள். சில கணினிகளில் சி ட்ரைவ் முழுவதுக்குமே போட்டிருப்பார்கள். கேம் போன பிறகும் அந்தக் கதவு திறந்தே கிடக்கும். விண்டோஸ் செக்யூரிட்டி, வைரஸ் அண்ட் த்ரெட் ப்ரொடெக்ஷன், மேனேஜ் செட்டிங்ஸ், எக்ஸ்க்ளூஷன்ஸ். அங்கே போய், நீங்கள் போடாத எல்லாவற்றையும் எடுத்துவிட்டு ஒரு முழு ஸ்கேன் ஓடவிடுங்கள்.

மிச்சம் மீதி

கையால் அழித்த போல்டர்கள் ரீசைக்கிள் பின்னில் இருக்கும்வரை இடம் திரும்பாது. பின்னைக் காலி செய்யுங்கள்.

ஸ்டீம்அப்ஸுக்குள் கொமன் போல்டரைத் திறந்து பாருங்கள். மோட் (கேமை மாற்றியமைக்கும் மேலதிகப் பைல்கள்) போட்டு ஆடிய கேம் என்றால், ஸ்டீம் தான் வைத்ததை மட்டும் எடுத்துவிட்டு நீங்கள் போட்டதை அப்படியே விட்டிருக்கும். கேமை நீக்கிவிட்டீர்கள் என்பது உறுதியானால் அந்தப் போல்டரை அழிக்கலாம். ஸ்டீம் வழியாக எடுத்த மோட்கள் சேரும் வேர்க்‌ஷொப் போல்டரிலும் பழையவை கிடக்கலாம்.

செட்டிங்ஸ், சிஸ்டம், ஸ்டோரேஜ், டெம்பரரி ஃபைல்ஸ் பக்கத்தில் டைரக்ட்எக்ஸ் ஷேடர் கேஷ் என்று ஒன்று இருக்கும், கேமின் படங்களை வேகமாக வரையச் சேமித்து வைத்த தற்காலிகப் பைல்கள் அவை. அழிக்கலாம். மிச்சமுள்ள கேம்கள் அடுத்த முறை திறக்கும்போது கொஞ்சம் திக்கித் திக்கி ஓடும், பிறகு சரியாகிவிடும். அதே பக்கத்தில் டவுன்லோட்ஸ் என்பதிலும் சரி அடையாளம் இருக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள். அவசரத்தில் அழுத்தினால் உங்கள் பைல்களும் போகும்.

தொடக்கூடாதவை இரண்டு. பட்டியலில் மைக்ரோசொஃப்ட் விஷுவல் சி ப்ளஸ் ப்ளஸ் என்று வருடங்களோடு வரிசையாக நிற்கும். கேம் கொண்டுவந்து போட்ட குப்பை என்று நினைத்து நீக்கினால், வேறு கேமும் வேறு மென்பொருளும் திறக்காது. சில எம்பிக்காக அந்தத் தொல்லை வேண்டாம். ஈஸி அன்டி சீட் என்ற ஏமாற்றுத் தடுப்பு மென்பொருளும் அப்படித்தான், பல கேம்களுக்கு அது பொது. ரெஜிஸ்ட்ரி க்ளீனர் என்று விளம்பரத்தில் வருபவை இடம் எதுவும் தராது, அந்தப் பக்கமே போகாதீர்கள்.

எல்லாம் முடிந்து கணினியை ரீஸ்டார்ட் செய்துவிட்டு சி ட்ரைவைப் பாருங்கள். எஸ்எஸ்டி என்றால் பத்தில் ஒரு பங்காவது வெறுமையாக இருக்கட்டும். பெரிய அப்டேட் வரும்போது பழையதையும் புதியதையும் ஒரே நேரத்தில் வைத்திருக்க கேமுக்கே இடம் வேண்டும். இல்லாவிட்டால் இடம் போதாது என்று அப்டேட் நின்றுவிடும்.

கடைசியாக, மிச்சம் வைத்த கேம்கள் பகல் டேட்டாவைத் தின்னாமல் பார்த்துக்கொள்ளுங்கள். உங்கள் பக்கேஜில் இரவு டேட்டா எத்தனை மணிக்குத் தொடங்கி எத்தனை மணிக்கு முடிகிறது என்று பாருங்கள். ஸ்டீம் செட்டிங்ஸில் டவுன்லோட்ஸ் பக்கத்தில், அப்டேட்டுகள் எந்த நேரத்துக்குள் மட்டும் ஓடலாம் என்று குறிக்கும் இடம் இருக்கிறது. அங்கே அந்த இரண்டு மணிகளையும் போட்டுவிட்டு, இரவில் கணினி ஸ்லீப்புக்குப் போகாதபடி பவர் செட்டிங்கையும் மாற்றிவிடுங்கள்.